சந்தையில் இறங்கிய மைத்துனன்

அக்டோபர் பதினேழாம் நாள், வெள்ளிக்கிழமை. முந்தைய இரவு கொட்டிய மழை விடியுமுன் ஓய்ந்துவிட்டது. வானம் வெளுக்கவும் இல்லை, கறுக்கவும் இல்லை. காற்று அசையாது நின்றமையால் துவைத்த சட்டை காயவில்லை. அதனை இஸ்திரிப் பெட்டியாலேயே உலர்த்தி அணிந்துகொண்டு அலுவலகம் சென்றேன். அங்கே என் நாற்காலியில் அமரும் கடைசி நாள் அதுவே என்பது அப்போதைய என் எண்ணம்.

நகராட்சியின் வரி அலுவலகத்தில் வரவு செலவுப் பிரிவின் கண்காணிப்பாளர் நான். இப்பதவி எனக்குச் சும்மா கிடைத்ததன்று. பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டு, அதே அலுவலகத்தில் கோப்புகளைத் தோளில் சுமந்து மாடியேறும் ஊழியனாகச் சேர்ந்தவன். முப்பது வயதைக் கடந்த பின்னரே அஞ்சல் வழியில் பயின்று பொருளியலில் பட்டமும், அதற்கு மேல் ஒரு பட்டமும் பெற்றேன். ஆசிரியர் எவரும் எதிரில் நின்று எனக்குக் கற்பித்ததில்லை; பாடநூல்களே கற்பித்தன. ஆதலின் நான் பேசுவதும் பாடநூல் போலவே உள்ளது என்று உடன் பணிபுரிவோர் கேலி செய்து எனக்குப் 'புரொபசர்' என்று பெயரிட்டனர். என் முதல் நூல் வெளிவந்த பிறகு அப்பெயர் கேலியாக என் காதில் விழவில்லை.

நான் எழுதிய நூல்கள் மூன்று. முதலாவது பணக் கொள்கை பற்றியது. அதாவது, நாட்டில் புழங்கும் பணத்தின் அளவையும் வட்டியையும் மைய வங்கி எவ்வாறு கூட்டுகிறது, குறைக்கிறது என்பதை விளக்குவது. இரண்டாவது பொது நிதி பற்றியது. அரசு வரியாகவும் கடனாகவும் திரட்டுவதையும், திரட்டியதைச் செலவிடுவதையும் ஆராய்வது. மூன்றாவது, இவ்விரண்டில் ஒன்றின் சட்டைப்பைக்குள் மற்றொன்று கையை நுழைக்கும் இடத்தைப் பற்றியது.

முதல் நூல் வெளிவந்த தொடக்கத்தில் ஒரு பிரதியும் நகரவில்லை என்பதை மறைப்பதற்கில்லை. பதிப்பாளர் அதனை எடைக்குப் போட்டுவிடலாமா என்றுகூடக் கேட்டார். அக்காலத்தில் நான் வீட்டில் சரியாக உண்டதுமில்லை, எவரிடமும் முகங்கொடுத்துப் பேசியதுமில்லை. பின்னர் ஏதோ ஒரு மாதம் தொடங்கி நூல் விற்கலாயிற்று. ஒரு கடை கேட்டது. அடுத்து இன்னொரு கடை. அதன்பின் மூன்றாவது கடை. பதிப்பாளர் மறுபதிப்புச் செய்து, அட்டையையும் மாற்றினார். இரண்டாம் நூலும் மூன்றாம் நூலும் வந்த வேகத்திலேயே தீர்ந்தன. செப்டம்பரில் அவர் தம் மாடியறைக்கு என்னை அழைத்து நாற்காலியில் அமர்த்தி, ஒரு நூல்வரிசையே எழுதித் தருமாறு கேட்டார். தேவை இருக்கிறது, எழுதத்தான் ஆளில்லை என்றார். அலுவலகத்தில் இருந்துகொண்டு அத்தனையும் எழுத இயலாது. எனவே பணி விலகல் கடிதம் கொடுத்தேன்.

என் மனைவி ஒரு மருத்துவமனையின் வரவேற்பு மேசையில் வேலை செய்பவள். மகள் அடுத்த ஆண்டு கல்லூரியில் சேர வேண்டியவள். "இன்னும் ஒரு வருஷம் பொறுங்களேன்" என்று மனைவி பல முறை சொன்னாள். ஒவ்வொரு முறையும் நான் அவளுக்குத் தேவை, வழங்கல் ஆகியவற்றை விளக்கி, சந்தை தன் தீர்ப்பைச் சொல்லிவிட்டது என்று முடித்தேன். அவள் எழுந்து சென்று துணி மடிப்பாள். கணவன் மீது நம்பிக்கை இல்லாத மனைவி வாய்த்தால் எத்தகைய அறிவும் வீட்டுக்குள் செல்லுபடியாகாது என்று எண்ணிக்கொள்வேன்.

எங்கள் அலுவலக விதிப்படி, விலகல் கடிதம் கொடுத்த பதினைந்தாம் நாள் மாலை நிதி அலுவலர் அதனை ஏற்றுக் கையொப்பமிடுவார். அதுவரை, எழுதியவன் தன் கைப்படக் காரணம் எழுதி அதனைத் திரும்பப் பெறலாம். கையொப்பம் விழுந்த பின் பெற இயலாது. அந்தப் பதினைந்தாம் நாள்தான் இவ்வெள்ளிக்கிழமை. மாலை நான்கு மணிக்குப் பிரிவுபசாரக் கூட்டம் வைத்திருந்தார்கள்.

காலையில் மேசை இழுப்பறைகளைக் காலி செய்யத் தொடங்கினேன். அவ்வழியே வந்த தபால் பிரிவுக்காரர் என் மேசையில் கையூன்றி நின்றார். எதையும் நேராகக் கேட்டுவிடும் மனிதர் அவர்.

"புரொபசர், உங்க மூணாவது புத்தகம் எங்கேயுமே இல்லை. எப்பக் கேட்டாலும் தீர்ந்துபோச்சுங்கிறான்."

தட்டுப்பாடு என்பது தேவையானது வழங்கலை விஞ்சி நிற்கும் நிலை என்று அவருக்கு எடுத்துரைத்தேன்.

"அதெல்லாம் தெரியுது. புத்தகம் எங்கே கிடைக்கும்னு சொல்லுங்க."

மறுபதிப்பு வரும், பொறுத்திருக்க வேண்டும் என்றேன். அவர் தலையைச் சொறிந்துகொண்டு போனார். அந்தச் சொறிதல் அன்று காலை எனக்கு ஒரு பாராட்டிதழுக்கு நிகராகத் தோன்றியது.

புத்தகங்களையும் கோப்புகளையும் கட்டி எடுத்துச் செல்ல அட்டைப்பெட்டிகள் தேவைப்பட்டன. என் மைத்துனன், அதாவது மனைவியின் தம்பி, அட்டைப்பெட்டி செய்து விற்பவன். அவனுக்கு வீட்டில் வழங்கும் பெயரே 'பெட்டி'. அவனிடம் சொல்லி மாலையில் பெட்டிகளை அனுப்பச் சொல்வதாக மனைவி முதல் நாளே கூறியிருந்தாள். நீங்கள் அங்கே அலைய வேண்டாம் என்று இரு முறை சொன்னாள். கூட்டம் முடிந்து எல்லோரும் பார்க்க, சாமான்களை வாரிப்போட்டுக்கொண்டு நிற்பது எழுத்தாளன் ஒருவனுக்கு அழகன்று. முன்னரே கட்டி வைத்துவிட எண்ணி, ஒரு மணி நேர அனுமதி பெற்றுப் பேருந்தேறினேன். அவனது கிடங்கு இரண்டு நிறுத்தம் தள்ளியிருந்தது.

கிடங்கின் முன்பகுதியில் மைத்துனன் இல்லை. பசையின் புளித்த வாடையும் நனைந்த அட்டையின் வாடையும் கலந்து அடித்தன. கம்பி தைக்கும் இயந்திரம் ஓய்ந்திருந்தது. இரவு மழையில் தகரக் கூரை ஒழுகியிருக்க வேண்டும். தரையெங்கும் நீர் தேங்கியிருந்தது. பின்சுவர் ஓரமாக எப்போதும் உயரமாக நிற்கும் பெட்டி அடுக்கைக் கலைத்து, சுமை தூக்கும் ஆள் ஒருவர் ஒவ்வொன்றாக வாசல் பக்கம் கொண்டுவந்து மரப்பலகைகள் மீது வைத்துக்கொண்டிருந்தார். சோப்பின் பெயர் அச்சிட்ட ஒரு பெட்டியின் அடிப்புறம் நனைந்து இளகி, அவர் தூக்கும்போதே பிளந்தது. உள்ளிருந்தவை என் காலடியில் சரிந்தன.

அவை என் நூல்கள்.

பதிப்பாளர் இவனிடம் பெட்டி வாங்குகிறார் போலும் என்பதே எனக்கு முதலில் தோன்றியது. அது மகிழ்ச்சியாகவும் இருந்தது. குனிந்து ஒன்றை எடுத்தேன். அது முதல் நூலின் பழைய அட்டை, மறுபதிப்புக்கு முந்தையது, தீர்ந்துவிட்டதாகச் சொல்லப்பட்டது. பின்னட்டையில் கடையின் விலைச்சீட்டு ஒட்டியிருந்தது. மற்றொன்றை எடுத்தேன், அதில் வேறு கடையின் சீட்டு. எந்தப் பிரதியும் திறக்கப்பட்டிருக்கவில்லை. தாள் விளிம்புகள் வெட்டிய நாளில் இருந்தபடியே ஒன்றோடொன்று ஒட்டி நின்றன.

சுமையாள் என் கையிலிருந்ததைப் பணிவாக வாங்கிக்கொண்டார். "சார், அது விக்கிற சரக்கு இல்லை. முதலாளியோட சொந்த சரக்கு. மாசா மாசம் நான்தான் கடை கடையாப் போய் வாங்கியாறேன். நனைஞ்சா என்னைத் தொலைச்சிடுவாரு" என்றார். பின்னர், என்னைப் பார்த்து இரக்கப்பட்டவர் போல, "யாரோ அவருக்கு வேண்டப்பட்டவரு எழுதினதாம்" என்றும் சேர்த்தார்.

நான் ஈரமான ஒரு பலகையின் மீது அமர்ந்துவிட்டேன். அடுக்கு கலைந்த இடத்தில் பின்சுவர் வரையிலும் பார்க்க முடிந்தது. சோப்புப் பெட்டிகள், பிஸ்கட் பெட்டிகள், மின்விசிறிப் பெட்டிகள். எல்லாவற்றின் பக்கவாட்டிலும் கரித்துண்டால் ஒன்று, இரண்டு, மூன்று என்று எழுதியிருந்தது. நூல்களின் வரிசை எண் அது.

மைத்துனன் தேநீர்க் குவளையுடன் உள்ளே வந்தான். என்னைக் கண்டதும் நடை தளர்ந்தது. பருமனான உடம்பு அவனுக்கு. ஒளிந்துகொள்ள இடம் தேடும் சிறுபிள்ளையைப் போல் இருபுறமும் பார்த்தான்.

"அத்தான், நீங்க ஏன் வந்தீங்க? சாயங்காலம் நானே கொண்டுவந்து தரேன்னு அக்காகிட்ட சொன்னேனே."

அக்காவுக்கு இது தெரியுமா என்று கேட்டேன். அவன் குவளையைக் கம்பி தைக்கும் இயந்திரத்தின் மீது வைத்தான். தெரியும் என்பதைச் சொல்லாமலே சொல்லிவிட்டான்.

பிறகு அவனாகவே விவரித்தான். முதல் நூல் விற்காமல் நான் உண்ணாதிருந்த நாட்களில் அவனுடைய அக்கா அவனிடம் வந்து அழுதாளாம். அவனுக்குப் புத்தகம் தெரியாது, பெட்டி தெரியும். ஆனால் அந்நூலின் நான்காம் அதிகாரத்தை நான் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவனை உட்காரவைத்து உரக்க வாசித்துக் காட்டியிருந்தேன். தனியார் தேவை முற்றாக அடங்கிய காலத்தில் அரசு தானே வாங்குவோனாகச் சந்தையில் இறங்குதல் தகும் என்பது அவ்வதிகாரத்தின் சாரம். கொஞ்ச காலம் வாங்கினால் சந்தை சூடுபிடிக்கும், பிறகு மற்றவர்கள் வாங்கத் தொடங்குவார்கள், நாம் விலகிக்கொள்ளலாம் என்று அவன் அதிலிருந்து புரிந்துகொண்டான். புரிந்துகொண்டதில் பிழை இல்லை. என் மாணவர் என்று நான் சொல்லிக்கொள்ளக்கூடிய ஒரே ஆள் அவன்தான் என்பதை அந்தப் பலகையில் அமர்ந்தபடி உணர்ந்தேன்.

விலகுவது எப்படி என்றும் அதே அதிகாரத்தில் எழுதியிருந்தேனே என்றேன்.

"எழுதியிருந்தீங்க. வெளியேறுற நாளை முன்கூட்டியே அறிவிக்கணும்னு எழுதியிருந்தீங்க. யார்கிட்ட அறிவிக்கிறது அத்தான்? உங்ககிட்டயா?"



"ஒரு மாசம் நிறுத்திப் பார்த்தேன். பதிப்பாளர் உங்களுக்குப் போன் பண்ணி, என்ன சார் மந்தமா இருக்கேன்னு கேட்டாராமே. அன்னிக்கு ராத்திரி நீங்க சாப்பிடலை. மறுநாளே திரும்ப ஆளை அனுப்பிட்டேன். திடீர்னு நிறுத்தினா சந்தை குப்புற விழும்னு அதையும் நீங்கதான் எழுதியிருக்கீங்க."

வேலையை விடுவதாக நான் சொன்னபோதாவது உண்மையை உரைத்திருக்கலாமே என்று கேட்டேன். சொல்லத்தான் வந்ததாகவும், அன்று நான் அரை மணி நேரம் தேவைக் கோட்டை வரைந்து காட்டியதாகவும் கூறி, வரைந்த கோட்டின் மேல் எப்படித் தன் வாயைத் திறப்பது என்று கேட்டான். பின்னர் என் அருகில் அமர்ந்தான். பலகை அவன் பக்கம் சாய்ந்தது.

"இப்பவும் ஒண்ணும் கெட்டுப்போகலை. யாருக்கும் தெரியாது. நீங்க எழுதுங்க. இன்னும் ரெண்டு மூணு புத்தகம் வரைக்கும் நான் தாங்குவேன். இடம்தான் கொஞ்சம் பத்தாது."

அவன் இதைக் கேலியாகச் சொல்லவில்லை. பின்சுவரைப் பார்த்து உண்மையாகவே இடத்தை அளந்துகொண்டிருந்தான். ஒரு கணம், மறைக்காமல் எழுதுகிறேன், நானும் அந்தச் சுவரைப் பார்த்தேன். கடிதம் கையொப்பமாகட்டும். கூட்டத்தில் மேசை மீது என் நூல் இருக்கும். வீட்டில் எழுதுமேசை இருக்கும். பதிப்பாளர் அழைப்பார். தபால் பிரிவுக்காரர் தலையைச் சொறிவார். எவருக்கும் தெரியாது. என் மனைவியும் அவள் தம்பியும் மட்டும் அறிவார்கள். அவர்களோ இத்தனை காலம் அறிந்துகொண்டே என் விளக்கங்களைக் கேட்டவர்கள்.

அந்தத் தபால் பிரிவுக்காரரின் நினைவு வந்த இடத்தில்தான் என் எண்ணம் தடுக்கி விழுந்தது. அவர் உண்மையாகவே வாங்க வந்தவர். அவருக்குக் கிடைக்க வேண்டிய பிரதி இதோ இங்கே ஒரு மின்விசிறிப் பெட்டியில் இருந்தது. அரசு அளவு மீறி வாங்கினால் தனியார் வாங்குவோர் வெளியே தள்ளப்படுவர் என்று இரண்டாம் நூலில் ஓர் அதிகாரமே எழுதியிருக்கிறேன். அவரைப் போல் இன்னும் யாரெல்லாம் கடைக்குப் போய்த் திரும்பினார்கள்? ஒருவருமே இல்லாமலும் இருக்கலாம். பலர் இருந்திருக்கவும் கூடும். எவரும் விரும்பவில்லை என்று தெரிந்திருந்தால் அதனைத் தாங்கிக்கொள்ளலாம். விரும்பினார்களா இல்லையா என்பதை அறியும் வழியே அடைபட்டுப்போயிற்று. அளவுகோலையே வளைத்த பின் துணியின் நீளத்தை யார் சொல்வது?

எழுந்து, தட்டையாக மடித்த சில பெட்டிகளை எடுத்துக் கையிடுக்கில் வைத்துக்கொண்டேன். பெட்டி வாங்க வந்தவன் வெறுங்கையோடு போகலாகாது என்று ஏன் தோன்றியதோ அறியேன். வாசல் வரை வந்த மைத்துனன், "கோவமா அத்தான்?" என்று கேட்டான். இல்லை என்றேன். அது உண்மை. கோபப்படுவதற்கு ஒருவன் சற்றே உயரமான இடத்தில் நிற்க வேண்டும்.

பேருந்து நிறுத்தத்தில் நின்று மனைவியை அழைத்தேன். மருத்துவமனையில் யாரோ ஒரு நோயாளியின் முறையைச் சொல்லிக்கொண்டே எடுத்தாள். கிடங்கிலிருந்து பேசுகிறேன் என்றேன். நோயாளிகளின் பேச்சொலி மட்டும் கேட்டது.

"போக வேண்டாம்னு ரெண்டு தடவை சொன்னேன். நீங்க எப்பவுமே மூணாவது தடவையிலதான் கேப்பீங்க" என்றாள். பிறகு குரல் தணிந்தது. "சாப்பிட்டீங்களா?"

அந்தக் கேள்வி மற்ற எல்லாவற்றையும் விட என்னைக் குறுக்கிவிட்டது. என் நூல்களை வாங்கியது மைத்துனனின் பணம் என்றால், அவற்றின் விலை என் சாப்பாட்டுத் தட்டு. நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்ட ஒவ்வொரு இரவுக்கும் அவர்கள் ஒரு பெட்டி வாங்கியிருக்கிறார்கள்.

அடுத்ததாகப் பதிப்பாளரை அழைத்தேன். சுருக்கமாகச் சொல்ல முயன்று, இயலாமல், முன்னுரை முடிவுரையோடு சொன்னேன். அவர் கேட்டுவிட்டு, "மூணு கடையிலயும் வாங்கினது ஒரே ஆளா?" என்றார். ஆம் என்றேன். "நான் இளைஞர்கள் வாங்கறாங்கன்னு நெனச்சு அட்டையைக்கூடப் பச்சையா மாத்தினேனே சார்" என்று பெருமூச்சு விட்டார். நூல்வரிசையைப் பற்றி நானும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. ஏதாவது எழுதினால் காட்டுங்கள் என்று மட்டும் கூறினார். ஏதாவது என்ற சொல்லுக்கு எத்தனை சிறிய கதவு.

அலுவலகம் திரும்பியபோது கூட்டத்துக்கு நாற்காலிகளை வரிசையாகப் போட்டுக்கொண்டிருந்தார்கள். நிதி அலுவலரைத் தனியாகக் காண எண்ணினேன். அவர் தலைமை அலுவலகம் சென்றிருந்தார். நான்கு மணிக்கு நேராகக் கூட்டத்துக்கே வந்தார். என்னை விட வயதில் மிக இளைய பெண்மணி. கல்லூரியில் முறையாகப் படித்துத் தேர்வெழுதி வந்தவர். மூன்றாம் நூல் வந்ததும் அவர் மேசையில் ஒரு பிரதியை வைத்து, இதில் ஏதேனும் புரியாவிட்டால் தயங்காமல் கேளுங்கள் என்று சொன்னவன் நான்.

தேநீரும் பிஸ்கட்டும் வந்தன. பரிசாக ஒரு மேசை விளக்கு. எழுத்தாளருக்கு ஏற்ற பரிசு என்று அனைவரும் சேர்ந்து தேர்ந்தெடுத்ததாம். நிதி அலுவலர் எழுந்து பேசினார். அவர் கையில் என் மூன்றாம் நூல் இருந்தது. நடுவே தாள்துண்டு ஒன்று செருகியிருந்தது. அப்பக்கத்தைத் திறந்து வாசித்தார்:

"தான் வெளியிட்ட கடன் பத்திரத்தைத் தன் மைய வங்கியையே வாங்கச் செய்து, அதனைக் கண்டு தனக்கு மதிப்பு உண்டென மகிழும் அரசு, கண்ணாடியின் முன் நின்று தன் கையைத் தானே குலுக்கிக்கொள்ளும் மனிதனை ஒக்கும்."

எல்லோரும் கை தட்டினார்கள். நல்ல வாக்கியம்தான். அதனை எழுதிய இரவில் மனைவியை எழுப்பி வாசித்துக் காட்டினேன். அவள் கேட்டுவிட்டு, விளக்கை அணைக்கட்டுமா என்றாள்.

கைதட்டல் ஓய்வதற்குள் நான் எழுந்துவிட்டேன். நன்றியுரை என்று எண்ணி இன்னொரு முறை தட்டினார்கள். நிற்க ஏதேனும் பிடிமானம் வேண்டி, சுவரில் சாய்த்திருந்த மடித்த பெட்டிகளைப் பிடித்துக்கொண்டேன். எத்தனையோ கூட்டங்களில் வரையறையில் தொடங்கி உட்பிரிவு வரை பேசியவன் நான். அன்று எதுவும் வரவில்லை.

"அந்தக் கண்ணாடிக்காரன் நான்தான்" என்றேன்.

சிலர் சிரித்தார்கள். தன்னடக்கம் என்று கருதியிருக்கலாம். நான் மேலும் சொன்னேன். நூல்கள் விற்கவில்லை என்றும், என் மைத்துனனே மூன்று கடைகளிலும் ஆள் விட்டு வாங்கியதாகவும், அவை அவனது கிடங்கில் பெட்டிகளுக்குள் இருப்பதாகவும், இன்று பகல் வரையில் இது எனக்குத் தெரியாது என்றும், இன்று நான் போகப்போவதில்லை, மேடம் அனுமதித்தால் கடிதத்தைத் திரும்பப் பெற விரும்புகிறேன் என்றும் சொன்னேன். யாரும் பிஸ்கட்டைக் கடிக்கவில்லை. வாயில் இருந்ததையும் மெல்லாமல் வைத்திருந்தார்கள்.

முதலில் வாய் திறந்தவர் தபால் பிரிவுக்காரர். அவர் முகத்தில் கேலி இல்லை. ஒரு கணக்கு நேராகிவிட்டது என்ற தெளிவே இருந்தது.

"அப்போ இனிமே கடையில கிடைக்குமா?"

"கிடைக்கும்" என்றேன்.

சிரிப்பு வெடித்தது. அதில் நஞ்சில்லை என்பதை நான் அறிவேன். ஆயினும் அது நெடுநேரம் ஓயவில்லை. எனக்குப் பின்னால் சுவர் இருந்ததால் அதற்கு மேல் பின்வாங்க இடமில்லை. கோப்பறைக்காரர் எழுந்து, மேசை விளக்கை என்ன செய்வது, கடையில் திருப்பிக் கொடுத்தால் வாங்கிக்கொள்வானா என்று கேட்டார். சும்மா இருய்யா என்று யாரோ அவரை அமர்த்தினார்கள். விளக்கை என் மேசையிலேயே வைத்துவிடலாம், அந்த மூலை இருட்டு என்று தட்டச்சு செய்யும் அம்மையார் தீர்த்து வைத்தார். இனி ஓய்வு பெறும் நாள் வரை அவ்விளக்கு என் மேசையில்தான் எரியும். அதன் கதையைக் கேட்கும் ஒவ்வொரு புதியவருக்கும் யாரேனும் சொல்வார்கள்.

நிதி அலுவலர் என்னைத் தம் அறைக்கு வரச்சொன்னார். கதவைச் சாத்திவிட்டு விலகல் கடிதத்தை எடுத்து மேசையில் வைத்தார்.

"காரணம் உங்க கையால எழுதணும் சார். 'சொந்தக் காரணம்'னு எழுதினா மேல ஏத்துக்க மாட்டாங்க."

வெள்ளைத்தாள் ஒன்றைத் தந்துவிட்டு, நான் எழுதுவதைப் பார்க்காமல் இருப்பதற்காக நாற்காலியைச் சன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார். அந்தப் பண்பும் என்னைச் சுட்டது. தேவை பற்றிய தரவுகளில் நேர்ந்த குறைபாடுகளின் விளைவாக, என்று தொடங்கி அடித்தேன். சந்தையில் அயலார் தலையீடு காரணமாக, என்று தொடங்கியபோது மைத்துனன் அந்தத் தேநீர்க் குவளையுடன் நின்றது கண்முன் வந்தது. அவன் அயலார் அல்லன். அதனையும் அடித்தேன். தாளின் அடியில் மிச்சமிருந்த இடத்தில், 'என் கணிப்பு தவறு' என்று எழுதிக் கையொப்பமிட்டேன். நான் எழுதிய வாக்கியங்களில் அத்தனை குட்டையானது வேறில்லை.

அவர் படித்தார். பின்னர் அந்த நூலை என்னிடம் நீட்டினார். திருப்பித் தருகிறார் என்று எண்ணிக் கை நீட்டினேன். அவரோ தாள்துண்டு செருகிய பக்கத்துக்குச் சற்று முன்னே ஒரு பக்கத்தைத் திறந்து, பென்சிலால் கோடிட்ட வரியைக் காட்டினார்.

"இந்த இடம் எனக்குப் புரியலை. கேக்கணும்னு ரொம்ப நாளா நெனச்சேன். திங்கக்கிழமை சொல்லுங்க."

கேட்டதற்காக எனக்கு மகிழ்ச்சி உண்டாகவில்லை. அந்த வரியைப் பார்த்தேன். எனக்கும் அது புரியவில்லை. அவ்வாறே அவரிடம் சொன்னேன்.

அவர் தலையசைத்து, என் விலகல் கடிதத்தின் குறுக்கே ஒரு கோடிழுத்து, 'திரும்பப் பெறப்பட்டது' என்று எழுதினார். விதிப்படி நேரத்தையும் குறிக்க வேண்டும். சுவர்க் கடிகாரத்தை நிமிர்ந்து பார்த்துக் குறித்தார்: மாலை நான்கு மணி ஐம்பத்திரண்டு நிமிடம்.